தீர்ப்பு வந்தும் ஓய்வூதியம் உயரவில்லை: அவமதிப்பு மனு போடலாமா?

கேள்வி: ஐயா, என் தந்தைக்கு வயது 71. அரசுத் துறை ஒன்றில் 1983ஆம் ஆண்டு தினக்கூலிக் காவலராகச் சேர்ந்து, 1997இல் பணிவரன்முறை செய்யப்பட்டு, அதாவது நிரந்தரமாக்கப்பட்டு, 2014இல் ஓய்வு பெற்றார். தினக்கூலியாக வேலை பார்த்த 14 ஆண்டுகளில் பாதியை ஓய்வூதியத்துக்குக் கணக்கில் சேர்க்க மறுத்துவிட்டார்கள். அதை எதிர்த்து உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டோம். 2024 நவம்பர் 8ஆம் தேதி தீர்ப்பு எங்களுக்குச் சாதகமாக வந்தது. உத்தரவு நகல் கிடைத்த 12 வாரங்களுக்குள் ஓய்வூதியத்தைத் திருத்தி நிலுவைத் தொகையை வழங்க வேண்டும் என்று அதில் இருக்கிறது. சான்றிட்ட நகலை டிசம்பர் 2ஆம் தேதி அலுவலகத்தில் நேரில் கொடுத்து, முத்திரையுடன் ஒப்புகை வாங்கி வைத்திருக்கிறோம். இன்றுவரை ஒரு ரூபாய்கூட வரவில்லை. ஒரு முறை மட்டும் "கருத்துரு அரசுக்கு அனுப்பப்பட்டுள்ளது" என்று கடிதம் வந்தது. இப்போது கேட்டால், மேல்முறையீடு தாக்கல் செய்து எஸ்.ஆர். நம்பர் ஆகிவிட்டது என்கிறார்கள். அப்போது இருந்த அதிகாரி மாறுதலாகிப் போய்விட்டார். அவமதிப்பு வழக்கு போட்டால் யார் மீது போடுவது? அதிகாரி சிறைக்குப் போவாரா, எங்களுக்குப் பணம் வருமா? கோபத்தில் இருக்கும் என் தம்பி எல்லாவற்றையும் முகநூலில் எழுதப்போவதாகச் சொல்கிறான். அப்பாவோ, வருகிற ஓய்வூதியத்தையும் நிறுத்திவிடுவார்கள், வேண்டாம் என்கிறார். நாங்கள் என்ன செய்வது?
ஒரு வாசகி, தென்மாவட்டம் ஒன்றிலிருந்து (2026 ஜனவரி 5)

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு, நீங்கள் கேட்ட கேள்விகளுக்குள் போவதற்கு முன்னால், நீங்கள் கேட்காத ஒன்றை முதலில் சொல்லியாக வேண்டும். உங்கள் கையில் இருக்கும் காலம் 2026 பிப்ரவரி 24ஆம் தேதியோடு முடிகிறது. நகலை அலுவலகம் பெற்றுக்கொண்ட 2024 டிசம்பர் 2ஆம் தேதியிலிருந்து 12 வாரம், அதாவது 84 நாள், 2025 பிப்ரவரி 24 அன்று முடிந்தது. அன்றோடு உத்தரவை நிறைவேற்றுவதற்கான கெடு தீர்ந்தது. கீழ்ப்படியாமை என்று சட்டம் சொல்வது அங்கிருந்து தொடங்குகிறது. 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தில் 20ஆம் பிரிவு, அவமதிப்பு நிகழ்ந்ததாகச் சொல்லப்படும் நாளிலிருந்து ஓராண்டு கழிந்த பிறகு எந்த நீதிமன்றமும் அந்த நடவடிக்கையைத் தொடங்கக் கூடாது என்கிறது. ஆகவே மனு பிப்ரவரி 24க்குள் நீதிமன்றப் பதிவகத்தில் தாக்கலாகியிருக்க வேண்டும். கடைசி நாள்வரை காத்திருக்காதீர்கள். பிரமாணப் பத்திரத்தில் ஒரு கையெழுத்து விட்டுப்போனாலும், ஒரு நகல் தெளிவில்லாமல் இருந்தாலும், பதிவகம் குறைகளைச் சுட்டி மனுவைத் திருப்பித் தரும். அவற்றைச் சரிசெய்து மீண்டும் கொடுக்க நாள் வேண்டும். ஜனவரி முடிவதற்குள் தாக்கல் செய்துவிடுவதே நல்லது.

ஓராண்டுக்குள் மனுவைத் தாக்கல் செய்துவிட்டால் போதுமா, அல்லது அதற்குள் நீதிமன்றம் நோட்டீஸும் அனுப்பியிருக்க வேண்டுமா என்ற ஐயம் நெடுங்காலம் இருந்தது. 2001ஆம் ஆண்டு பல்லவ் சேத் வழக்கில் உச்ச நீதிமன்றம், உரிய மனு ஓராண்டுக்குள் தாக்கலானால் போதும் என்று தெளிவுபடுத்திவிட்டது. எனவே மனு விசாரணைப் பட்டியலில் எப்போது வருகிறது என்பதைப் பற்றி நீங்கள் கவலைப்பட வேண்டியதில்லை. தாக்கலான தேதிதான் முக்கியம்.

"இன்னும் பணம் தரவில்லையே, அப்படியானால் ஒவ்வொரு நாளும் அவமதிப்புதானே, ஓராண்டுக் கெடு எப்படி முடியும்?" என்று உங்களுக்கு யாராவது தைரியம் சொல்லக்கூடும். அந்த வாதத்தை நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள். ஒரு முறை நிகழ்ந்த மீறலின் விளைவு நீடிப்பது வேறு, மீறலே தொடர்வது வேறு என்று பிரித்துப் பார்த்து, காலங்கடந்து வந்த அவமதிப்பு மனுவை ஏற்க முடியாது என்று 2024ஆம் ஆண்டு திருப்பதி ராவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. உங்கள் வழக்கு எந்த வகையில் சேரும் என்று வாதாட இடம் உண்டு என்றாலும், நாள் கையில் இருக்கும்போது அந்த வாதத்துக்கு ஏன் போக வேண்டும்?

இதை இவ்வளவு அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. என் தொழிலின் தொடக்க ஆண்டுகளில், கணவரை இழந்த ஒரு பெண்மணிக்குக் கருணை அடிப்படையில் வேலை தரச் சொல்லும் உத்தரவு ஒன்றைப் பெற்றுத் தந்தேன். "அடுத்த மாதம் முடித்துத் தருகிறோம், வழக்கு கிழக்கு என்று போனால் கோப்பு மேலே போய்விடும்" என்று அந்த அலுவலகத்தில் சொன்னதை அவரும் நம்பினார், நானும் நம்பினேன். மாதங்கள் ஓடின. நான் மனுவைத் தயாரித்துப் பதிவகத்துக்குக் கொண்டுபோனபோது ஓராண்டுக்கு மேல் 19 நாள் ஆகியிருந்தது. அவருக்கு வேலை பிறகு வேறு வழக்கின் மூலம், மூன்று ஆண்டு கழித்துத்தான் கிடைத்தது. அந்த மூன்று ஆண்டுக்கு நான்தான் பொறுப்பு. அதிலிருந்து, எந்த உத்தரவு கையில் வந்தாலும், நகல் சேர்ந்த தேதியையும் கெடு முடியும் தேதியையும் ஓராண்டு முடியும் தேதியையும் அந்தக் கட்டின் மேலட்டையிலேயே சிவப்பு மையில் எழுதிவிடுகிறேன்.

உங்கள் கடிதத்தில் எனக்கு நிம்மதி தந்த வரி, முத்திரையுடன் ஒப்புகை வாங்கி வைத்திருக்கிறோம் என்பது. பலர் தீர்ப்பு வந்த மகிழ்ச்சியில் இதைச் செய்ய மறந்துவிடுகிறார்கள். "நகல் கிடைத்த நாளிலிருந்து" என்று உத்தரவு சொல்லும்போது, நகல் போய்ச் சேராதவரை கெடுவே ஓடத் தொடங்குவதில்லை. நீதிமன்ற இணையதளத்தில் தீர்ப்பு வெளியாகிவிட்டது, அவர்களுக்குத் தெரியாமலா இருக்கும் என்ற வாதம் அவமதிப்பு வழக்கில் நிற்காது. அந்த ஒப்புகைச் சீட்டின் அசலைப் பத்திரமாக வைத்துக்கொண்டு, நகலை மட்டும் வழக்கறிஞரிடம் கொடுங்கள்.

இனி இந்த விஷயத்தின் மையத்துக்கு வருகிறேன். அவமதிப்பு வழக்கில் உங்கள் தந்தைக்கு என்ன கிடைக்கும் என்பது, தீர்ப்பின் கடைசிப் பத்தியில் இருக்கும் சொற்களைப் பொறுத்தது. தீர்ப்பு 10 பக்கம் இருக்கலாம், அதில் உங்கள் தந்தையின் உழைப்பை நீதிபதி மனமுருகிப் பாராட்டியிருக்கலாம், துறையைக் கண்டித்திருக்கலாம். ஆனால் அவமதிப்பு மனுவை விசாரிக்கும் நீதிபதி, "என்ன செய்யும்படி உத்தரவு இடப்பட்டது, அது செய்யப்பட்டதா" என்ற ஒன்றைத்தான் பார்ப்பார். உத்தரவின் நான்கு எல்லைகளுக்குள்தான் அவமதிப்பு நீதிமன்றம் நிற்க வேண்டும், அதில் இல்லாத ஒரு புதிய பலனை அங்கே வழங்க முடியாது என்பதை 2014ஆம் ஆண்டு சுதீர் வாசுதேவா வழக்கில் உச்ச நீதிமன்றம் உறுதியாகச் சொன்னது. அந்த வழக்கு நம் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து மேலே போனதுதான்.

நம் நீதிமன்றங்களில் பணி தொடர்பான ரிட் மனுக்களில் வரும் உத்தரவுகள் பெரும்பாலும் இரண்டு வகையாக இருக்கும். "மனுதாரரின் கோரிக்கை மனுவைச் சட்டப்படி, தகுதியின் அடிப்படையில் பரிசீலித்து, 12 வாரங்களுக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்" என்பது ஒரு வகை. இதைக் கையில் வாங்கியவர்கள் வழக்கில் ஜெயித்துவிட்டதாகவே நினைத்து இனிப்பு வழங்குவதைப் பார்த்திருக்கிறேன். உண்மையில் இந்த உத்தரவு, பதில் சொல் என்று மட்டுமே கட்டளையிடுகிறது. அதிகாரி காரணம் எழுதி, கோரிக்கையை நிராகரித்து ஓர் ஆணை பிறப்பித்துவிட்டால், கசப்பாக இருந்தாலும் உத்தரவு நிறைவேற்றப்பட்டுவிட்டது. அந்த நிராகரிப்பு தவறு என்றால் அதை எதிர்த்துப் புதிய ரிட் மனுதான் போட வேண்டும். உத்தரவுக்கு இணங்கப் பிறப்பிக்கப்பட்ட ஆணை சரியா தவறா என்பது புதிய வழக்கு மூலம்தான் எழும், அவமதிப்பு மனுவில் எழாது என்பதை 1996ஆம் ஆண்டு ஜே.எஸ். பரிஹார் வழக்கு முதல் நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லி வருகின்றன.

இன்னொரு வகை, உரிமை இருக்கிறதா என்பதை நீதிமன்றமே முடிவுசெய்து, அந்த உரிமையைக் கொடு என்று கட்டளையிடுவது. நீங்கள் எழுதியிருப்பதைப் பார்த்தால் உங்கள் தந்தையின் தீர்ப்பு இந்த வகையைச் சேர்ந்தது. 1978ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஓய்வூதிய விதிகளில் 11ஆவது விதியின்படி தினக்கூலிக் காலத்தில் பாதியைச் சேர்க்க வேண்டும் என்று முடிவுசெய்து, ஓய்வூதியத்தைத் திருத்தி நிலுவையை வழங்கச் சொல்லியிருந்தால், துறைக்கு மறுபடியும் பரிசீலிக்க எதுவும் மிச்சமில்லை. இத்தகைய உத்தரவுக்குப் பிறகும் நீதிமன்றம் ஏற்காத அதே பழைய காரணத்தைச் சொல்லி மறுத்து ஆணை போட்டால், அந்த ஆணையே அவமதிப்பின் சான்றாகிவிடும். எதற்கும் தீர்ப்பை எடுத்துக் கடைசிப் பத்தியை ஒரு முறை உரக்கப் படித்துப் பாருங்கள். "வழங்க வேண்டும்" என்று இருக்கிறதா, "வழங்குவது குறித்துப் பரிசீலிக்க வேண்டும்" என்று இருக்கிறதா என்ற ஒரே சொல் வேறுபாட்டில் உங்கள் வழக்கின் போக்கே மாறிவிடும். வட்டி பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லையென்றால், அவமதிப்பு மனுவில் வட்டி கேட்டுப் பயனில்லை என்பதையும் இப்போதே மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

"கருத்துரு அனுப்பப்பட்டுள்ளது" என்ற கடிதம் உத்தரவை நிறைவேற்றியதாகாது. கருத்துரு என்பது ஓர் அலுவலகம் இன்னொரு அலுவலகத்துக்கு எழுதும் கடிதம். கெடுவுக்குள் முடிக்க முடியாத நிர்வாகச் சிக்கல் உண்மையிலேயே இருந்திருந்தால், துறை நீதிமன்றத்தில் கூடுதல் அவகாசம் கேட்டு மனு போட்டிருக்க வேண்டும். அப்படி ஒரு மனு போடப்பட்டதா என்பதை உங்கள் வழக்கறிஞர் வழக்கு நிலையைப் பார்த்துச் சொல்லிவிடுவார். இருந்தாலும் அந்தக் கடிதத்தை ஒதுக்கிவிடாதீர்கள், மனுவோடு இணையுங்கள். அவமதிப்புச் சட்டத்தின் 2(ஆ) பிரிவின்படி, உரிமையியல் அவமதிப்புக்கு, அதாவது நீதிமன்ற உத்தரவை மீறும் வகை அவமதிப்புக்கு, "வேண்டுமென்றே" கீழ்ப்படியாதிருப்பது அவசியம். உத்தரவு இருப்பது எங்களுக்குத் தெரியாது என்று துறை இனிச் சொல்ல முடியாதபடி அந்தக் கடிதமே அவர்கள் வாயைக் கட்டுகிறது. அதேபோல், திருத்திய ஓய்வூதியத்துக்கு அனுமதி தருவது மாநிலக் கணக்காயர் அலுவலகம், பணம் வழங்குவது கருவூலம் என்பதால், "நாங்கள் அனுப்பிவிட்டோம், கணக்காயரிடம் நிற்கிறது" என்ற பதிலும் வரலாம். ரிட் மனுவில் கணக்காயர் எதிர்மனுதாரராக இருந்தாரா என்று பாருங்கள். இருந்து, அவருக்கும் உத்தரவு இடப்பட்டிருந்தால், அவருக்கும் நகல் சேர்ந்த சான்று வேண்டும். கருத்துரு உண்மையில் எந்தத் தேதியில், எங்கே போனது என்று தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு விண்ணப்பம் போட்டு வைப்பதும் உதவும். ஆனால் அதற்குப் பதில் வர 30 நாள் ஆகும் என்பதால், அந்தப் பதிலுக்காக அவமதிப்பு மனுவை நிறுத்திவைக்க வேண்டாம்.

மேல்முறையீட்டைப் பற்றி: எஸ்.ஆர். நம்பர் என்பது ஆவணங்கள் பதிவகத்தில் கொடுக்கப்பட்டன என்பதற்கான அடையாளம் மட்டுமே. மேல்முறையீடு இன்னும் எண்ணிடப்படவில்லை என்று பொருள். தனி நீதிபதியின் தீர்ப்பை எதிர்த்து இரு நீதிபதிகள் அமர்வில் ரிட் மேல்முறையீடு செய்வதற்கான காலம் 30 நாள். அதைக் கடந்துவிட்டதால் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் சேர்ந்தே வரும். அந்த மனுவில் உங்கள் தந்தைக்கு நோட்டீஸ் வந்தால், அதைப் பெற்றுக்கொண்டு, தவறாமல் வழக்கறிஞர் மூலம் ஆஜராகி எதிர்க்க வேண்டும். மேல்முறையீடு தாக்கல் செய்ததாலேயே தீர்ப்பு நின்றுவிடாது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 41ஆவது ஆணை 5ஆவது விதி சொல்வதும் அதைத்தான். தடையாணை இல்லாதவரை தீர்ப்பு உயிரோடு இருக்கிறது. அதே வேளையில் நடைமுறை உண்மையையும் மறைக்காமல் சொல்கிறேன். தடை கோரும் மனு நிலுவையில் இருக்கும்போது அதை முதலில் கேட்டு முடிவுசெய்துவிட்டு அவமதிப்பைப் பார்ப்பதே பொருத்தம் என்று மாடர்ன் ஃபுட் இண்டஸ்ட்ரீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியிருப்பதால், அரசு வழக்கறிஞர் அதைக் காட்டிச் சில வாரங்கள் வாங்குவார். அது உங்களுக்குத் தோல்வி ஆகாது. பல நேரங்களில் ஆண்டுக்கணக்கில் எஸ்.ஆர். நிலையிலேயே கிடக்கும் மேல்முறையீடு, அவமதிப்பு மனுவில் நோட்டீஸ் போன பிறகுதான் அசையத் தொடங்குகிறது. ஏதாவது ஒரு பக்கம் முடிவு வருகிறது. மேல்முறையீட்டில் உங்களைக் கேட்காமல் தடை வழங்கப்படாதிருக்க, கேவியட் மனு ஒன்றும் போட்டு வையுங்கள். அது 90 நாள் செல்லும். தேவைப்பட்டால் புதுப்பிக்க வேண்டும்.

அதிகாரி மாறிவிட்டாரே, யார் மீது போடுவது என்று கேட்டிருக்கிறீர்கள். உத்தரவு பதவிக்கு இடப்பட்டது, தண்டனை மனிதருக்கு வருவது. அதனால் அவமதிப்பு மனுவில் பதவியின் பெயரோடு அதிகாரியின் சொந்தப் பெயரையும் குறிப்பிட வேண்டும். இப்போது அந்த நாற்காலியில் இருப்பவரால்தான் உத்தரவை நிறைவேற்ற முடியும் என்பதால், அவரைச் சேர்ப்பது அவசியம். ஆனால் உத்தரவைப் பற்றி அவருக்குத் தெரியும் என்பதை நீங்கள் காட்ட வேண்டும். முந்தையவரிடம் கொடுத்த நகல் கட்டுக்குள் போய்விட்டது, என் பார்வைக்கு வரவில்லை என்று அவர் சொன்னால் அதில் நியாயம் இருக்கலாம். எனவே இந்த வாரமே, புதிய அதிகாரியின் பெயரிட்டு, தீர்ப்பின் நகலையும் டிசம்பர் 2 ஒப்புகையின் நகலையும் இணைத்து, 15 நாளுக்குள் நிறைவேற்றக் கோரி, வழக்கறிஞர் மூலம் ஒரு நோட்டீஸ் அனுப்புங்கள். சட்டம் அதைக் கட்டாயமாக்கவில்லை. ஆனால் தெரிந்தும் செய்யவில்லை என்பதை நிரூபிக்க அதைவிட எளிய ஆவணம் கிடையாது. நோட்டீஸில் கோபச் சொல் ஒன்றும் வேண்டாம். பல அதிகாரிகள் நோட்டீஸைப் பார்த்த பிறகு கோப்பை வரவழைத்துப் பார்த்து, வழக்கு இல்லாமலே முடித்துக் கொடுத்ததை நான் கண்டிருக்கிறேன். இந்தப் புதிய நோட்டீஸ் ஓராண்டுக் கெடுவை நீட்டிக்காது என்பதை மட்டும் மறந்துவிடாதீர்கள்.

சிறை பற்றிய கேள்விக்கு வருகிறேன். அவமதிப்புச் சட்டத்தின் 12ஆம் பிரிவின்படி அதிகபட்ச தண்டனை ஆறு மாத வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். உரிமையியல் அவமதிப்பில் அபராதமே இயல்பான தண்டனை. அது போதாது என்று நீதிமன்றம் கருதினால்தான் சிறை. உண்மையான வருத்தத்தோடு மன்னிப்புக் கேட்டு, உத்தரவையும் நிறைவேற்றிவிட்டால் பெரும்பாலும் விடுவித்துவிடுவார்கள். அந்த அபராதம் உங்களுக்கு வருவதும் அன்று. ஆனாலும் இந்தச் சட்டத்துக்குப் பல் இல்லை என்று நினைத்துவிட வேண்டாம். மர அறுவை ஆலைகள் தொடர்பான உச்ச நீதிமன்ற உத்தரவை மீறி அனுமதி கொடுத்ததற்காக, 2006ஆம் ஆண்டு மகாராஷ்டிரத்தின் அமைச்சர் ஒருவருக்கும் அவருடைய துறையின் முதன்மைச் செயலாளருக்கும் ஒரு மாதச் சிறை விதிக்கப்பட்டது. உயர் நீதிமன்ற உத்தரவை மீறிக் குண்டூர் மாவட்டத்தில் ஏழைகளின் குடிசைகளை அகற்றிய வட்டாட்சியர் ஒருவர், பின்னாளில் துணை ஆட்சியராகப் பதவி உயர்வு பெற்றிருந்தார். 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம் அவரை மீண்டும் வட்டாட்சியராகப் பதவியிறக்கி 1 லட்சம் ரூபாய் அபராதமும் விதித்தது. இவை வெளிப்படையான, அறிந்தே செய்த மீறல்கள். ஓய்வூதியக் கோப்பு தாமதமான வழக்கில் இப்படி நடக்கும் என்று எதிர்பார்த்து நீதிமன்றத்துக்குப் போனால் ஏமாற்றமே மிஞ்சும். முதல் விசாரணையிலேயே அதிகாரி கூண்டில் நிற்பார் என்றும் நினைக்காதீர்கள். அரசு அதிகாரிகளை நேரில் வரச் சொல்வதில் நிதானம் வேண்டும், தேவைப்பட்டாலும் முதலில் காணொலி வழியாக ஆஜராக வாய்ப்புத் தர வேண்டும் என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் வழிமுறைகளை வகுத்திருக்கிறது.

நடப்பது பெரும்பாலும் இப்படித்தான் இருக்கும். முதல் நாளில் அரசு வழக்கறிஞர் நோட்டீஸைப் பெற்றுக்கொண்டு, அறிவுரை பெற்றுச் சொல்ல அவகாசம் கேட்பார். அடுத்த விசாரணையில் நீதிபதி கடுமை காட்டுவார். அதற்கடுத்த விசாரணைக்கு முன்தினம், சில நேரம் அன்று காலையிலேயே, உத்தரவை நிறைவேற்றிவிட்டதாக ஒரு செயல்முறை ஆணை உங்கள் வழக்கறிஞரின் கைக்கு வரும். அந்த நாளில்தான் நீங்கள் மிகவும் விழிப்பாக இருக்க வேண்டும். ஆணை வந்துவிட்டது என்ற நிம்மதியில் சரி என்று சொல்லிவிட்டால் அவமதிப்பு மனு அங்கேயே முடித்துவைக்கப்படும். பிறகு பார்த்தால் 14 ஆண்டில் பாதியான 7 ஆண்டுக்குப் பதில் 5 ஆண்டுதான் சேர்த்திருப்பார்கள், அல்லது நிலுவையை 2014இலிருந்து கணக்கிடாமல் தீர்ப்பு வந்த தேதியிலிருந்து கணக்கிட்டிருப்பார்கள். எனவே இப்போதே, ஓய்வூதியக் கணக்குத் தெரிந்த ஒருவரிடம், ஓய்வு பெற்ற ஆசிரியரோ கருவூலப் பணியாளரோ உங்கள் ஊரில் இருப்பார், 7 ஆண்டைச் சேர்த்தால் மாத ஓய்வூதியம் எவ்வளவு, நிலுவை எவ்வளவு என்று கணக்குப் போட்டு எழுதி வாங்கி, வழக்கறிஞரிடம் கொடுத்து வையுங்கள். துறை கொடுக்கும் ஆணையில் தொகை குறைந்தால், அதைச் சரிபார்க்க ஒரு வாரம் வேண்டும் என்று அவர் கேட்க அந்தத் தாள்தான் உதவும். குறைவு தீர்ப்பின் சொல்லுக்கே முரணாக இருந்தால் அதே மனுவில் எடுத்துச் சொல்லலாம். தீர்ப்பில் தெளிவில்லாத ஒன்றைத் துறை தனக்குச் சாதகமாகப் பொருள்கொண்டிருந்தால் புதிய ரிட் மனுதான் வழி. எப்படியாயினும் வருகிற பணத்தை மறுக்க வேண்டியதில்லை. "ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று ஒரு கடிதம் கொடுத்துவிட்டு வாங்கிக்கொள்ளலாம்.

தம்பியிடம் என் சார்பாகவும் சொல்லுங்கள்: அதிகாரியின் தாமதத்தை விமர்சிப்பது அவமதிப்பு ஆகாது, முடிந்த வழக்கின் தீர்ப்பை நியாயமாக விமர்சிப்பதையும் அவமதிப்புச் சட்டத்தின் 5ஆம் பிரிவு பாதுகாக்கிறது. ஆனால் கோபத்தில் எழுதும்போது "நீதிமன்றமும் கண்டுகொள்ளாது, எல்லாரும் ஒன்றுதான்" என்று ஒரு வரி தானாக வந்து விழும். நீதி கேட்டு வாசலில் நிற்கும் குடும்பத்தின் பெயரில் அந்த வரி நீதிமன்றத்தின் முன் வைக்கப்பட்டால், துறையின் தவறு பின்னுக்குப் போய்த் தம்பியின் தவறு முன்னுக்கு வந்துவிடும். மனு முடியும்வரை அவர் எழுதாமல் இருக்கட்டும். அந்த வேகத்தில் தந்தையின் பணிப்பதிவேட்டு நகல்களைத் தேதிவாரியாக அடுக்கிக் கொடுத்தால் வழக்குக்கே துணையாகும்.

உங்கள் தந்தையின் அச்சம் எனக்குப் புரிகிறது. 31 ஆண்டு ஓர் அலுவலகத்தின் வாசலில் காவல் நின்றவருக்கு, அந்த அலுவலகத்தை எதிர்த்து ஒரு தாளில் கையெழுத்திடுவது எவ்வளவு கனமானது என்பதை வெளியில் இருப்பவர்கள் எளிதில் உணர மாட்டார்கள். அவருக்கு ஏற்கெனவே வழங்கப்பட்டுவரும் ஓய்வூதியம் எந்த அதிகாரியின் தயவிலும் இல்லை. உரிய ஆணையும் முன்னறிவிப்பும் இல்லாமல் அதை யாரும் நிறுத்த முடியாது. நீதிமன்றத்தில் மனு நிலுவையில் இருக்கும்போது அப்படிச் செய்யத் துணிபவர் தன் தலையில் தானே மண் போட்டுக்கொள்வார். அவர் நீதிமன்றத்துக்கு வந்து நிற்க வேண்டியதும் இல்லை. பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்திட வேண்டியவர் மனுதாரரான அவர்தான், நீங்கள் அவருக்காகக் கையெழுத்திட முடியாது. மதுரைவரை பயணம் செய்ய முடியாத உடல்நிலை என்றால், உங்கள் ஊரிலேயே நோட்டரி வழக்கறிஞர் முன்னிலையில் படித்துக் காட்டி, புரிந்துகொண்டதாகச் சொல்லிக் கையெழுத்திட்டு அனுப்பிவிடலாம். அதன் பிறகு விசாரணை நாள்களில் வழக்கறிஞர் ஆஜரானால் போதும். வழக்கறிஞர் கட்டணம்தான் தடை என்றால், மதுரைக் கிளையில் இயங்கும் உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவை அணுகுங்கள். தந்தையின் வருமானம் வரம்புக்குள் இருந்தால் இலவசமாகவே வழக்கறிஞரை நியமித்துத் தருவார்கள். அதற்கும் விண்ணப்பம், வருமானச் சான்று என்று நாள் பிடிக்கும் என்பதால், இந்தப் பதிலைப் படித்த மறுநாளே தொடங்குங்கள்.

வழக்கறிஞரைப் பார்க்கப் போகும்போது தீர்ப்பின் சான்றிட்ட நகல், டிசம்பர் 2 முத்திரையுள்ள ஒப்புகை, கருத்துரு பற்றிய கடிதம், ரிட் மனுவின் கட்டு, ஓய்வூதியப் புத்தகம் ஆகியவற்றைக் கொண்டுபோங்கள். கட்டின் மேலட்டையில், 2026 பிப்ரவரி 24 என்ற தேதியைச் சிவப்பு மையில் நீங்களே எழுதி எடுத்துச் செல்லுங்கள்.